குற்றியலுகரத்தில் முடிகிற பாட்டு

தளவாய்புரத்தில் ஒரு கல்யாண வரவேற்பில் என் மனைவியின் குரல் உடைந்தது. சினிமாப் பாட்டு ஒன்றின் இரண்டாவது சரணம் போய்க்கொண்டிருந்தது. மேலே ஏற வேண்டிய இடத்தில் வாயைத் திறந்தாள். குரலுக்குப் பதில் வெறும் காற்று வந்தது. மைக்கில் அது டயரிலிருந்து காற்று இறங்குவது மாதிரிக் கேட்டது. மணமக்களோடு போட்டோ எடுக்க வரிசையில் நின்றவர்கள் யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. அவள் விட்ட இடத்தை நான் கிதாரில் வாசித்து நிரப்பினேன். பாட்டு எப்படியோ முடிந்தது.

"என்ன செய்யுது?" என்று கேட்டேன்.

தொண்டையில் கை வைத்தபடி தலையை ஆட்டினாள். பின்னாலிருந்து டிரம்மர் அண்ணன், "ஏலே, வெந்நி வாங்கிக் குடு. அடுத்த ரெண்டு பாட்டை நாம சும்மா வாசிச்சு ஒப்பேத்துவோம்" என்றார். ஒப்பேற்றினோம். அதற்குப் பிறகும் அவள் பாடவில்லை. பேசிவைத்த நேரம் முடியும்வரை பாட்டில்லாத மெட்டுகளாக வாசித்தோம். மாப்பிள்ளையின் சித்தப்பா வந்து, "பாடுறதுக்கு ஆளு இல்லையா?" என்று ஒரே ஒரு தடவை கேட்டுவிட்டுச் சாப்பிடப் போனார்.

நாங்கள் நாலு பேர். என் மனைவி ராஜபாளையத்தில் ஒரு தனியார் பள்ளியில் தமிழ் ஆசிரியை. நான் ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டில் ஒரு வக்கீலிடம் குமாஸ்தா. டிரம்ஸ் வாசிக்கும் அண்ணன் நூற்பாலையில் ஃபிட்டர். வீட்டில் தெலுங்கு, வெளியில் தமிழ், கோபம் வந்தால் இரண்டும். பேஸ் கிதார் வாசிக்கும் நண்பன் ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் ஸ்டாண்டுப் பக்கம் செல்போன் சர்வீஸ் கடை வைத்திருக்கிறான். ஊரே அவனை பாய் என்றுதான் கூப்பிடும், நாங்களும் அப்படித்தான். நாங்கள் ஒரு ராக் குழு என்று சொன்னால் எங்கள் பக்கத்தில் யாருக்கும் புரியாது. பேண்டு என்றால் பெண் அழைப்புக்கு முன்னால் போகும் பேண்டு செட் என்று நினைப்பார்கள். அதனால் 'லைட் மியூசிக்' என்று சொல்லிக்கொள்வோம். வரவேற்புகளில் சினிமாப் பாட்டு வாசிப்போம். எல்லாரும் சாப்பாட்டில் மும்முரமாக இருக்கும்போது எங்கள் சொந்தப் பாட்டு ஒன்றை நடுவில் செருகிவிடுவோம். அதை யாரும் கவனிக்காதது எங்களுக்குச் சௌகரியமாகவும் இருந்தது, வருத்தமாகவும் இருந்தது.

கல்லூரியில் படித்த காலத்தில் மதுரையில் ஒரு கடையில் விற்ற எம்பி3 சிடிகளில்தான் இந்த இசையை முதலில் கேட்டேன். இங்கிலீஷ் வார்த்தைகள் பாதி புரியாது. புரியாததாலேயே அவற்றுக்குள் ஏதோ பெரிய விஷயம் இருப்பதாக நம்பினேன். பிறகு நானே தமிழில் எழுத ஆரம்பித்தபோது அந்தப் பெரிய விஷயத்தைக் கொண்டுவரப் பார்த்தேன். ராஜபாளையத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூருக்குத் தினமும் பஸ்ஸில் போய்வருகிறவன் நான். நூலகத்தில் எடுத்த நாவல்களைப் பஸ்ஸில் படிப்பேன். அவற்றில் வரும் கனமான சொற்கள் மனசில் தங்கிவிடும். எரிமலை, குருதி, ஊழி, பாழ். எங்கள் பாட்டுகளில் எப்போதும் ஏதாவது ஒன்று எரிந்துகொண்டிருக்கும். என் மனைவி அவற்றைத் தொண்டை நரம்பு புடைக்கப் பாடுவாள். பகலெல்லாம் ஒன்பதாம் வகுப்புக்கும் பத்தாம் வகுப்புக்கும் ஃபேன் சத்தத்துக்கு மேலே கத்திப் பாடம் நடத்தியவள், ஞாயிற்றுக்கிழமை வந்து என் எரிமலைகளைப் பாடினாள். கல்யாணமாகி இருபது வருஷம் ஆகப்போகிறது. இந்த வரி நன்றாக இருக்கிறதா என்று நான் அவளைக் கேட்டதில்லை, அவளும் சொன்னதில்லை. அவளுக்குப் பிடித்திருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

மதுரையில் தொண்டை டாக்டரைப் பார்த்தோம். மூக்கு வழியாகச் சின்னக் கேமராவை விட்டுத் திரையில் காட்டினார். இரண்டு குரல்நாண்களிலும் எதிரெதிரே சின்னச் சின்ன முண்டுகள்.

"டீச்சரா?" என்று கேட்டார். தலையசைத்தாள்.

"பாடவும் செய்வாங்க" என்றேன் நான்.

"அப்ப ரெண்டு வேலையையும் ஒரே தொண்டை பார்த்திருக்கு" என்றார். "மொதல்ல முழு ஓய்வு. பேசக் கூடாது. ரகசியம் பேசுற மாதிரி குசுகுசுன்னும் பேசக் கூடாது, அது இன்னும் மோசம். பொறவு பயிற்சி தரச் சொல்றேன். ஆபரேஷன் வேணுமான்னு அதுக்கப்புறம் பார்ப்போம்."

"பழையபடி பாட முடியுமா சார்?"

அவர் எதையோ எழுதி முடித்துவிட்டு, "பேசுறது வந்திரும். மேல் ஸ்தாயியை மட்டும் எதிர்பார்க்காதீங்க" என்றார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் அவள் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தாள். கிருஷ்ணன்கோவில் தாண்டும்வரை வெளியே பார்த்துக்கொண்டே வந்தாள். அழவில்லை. எனக்கு ஏதாவது சொல்ல வேண்டும் போல இருந்தது. நான் சொன்னால் அவள் பதில் சொல்ல முடியாதே என்று சும்மா இருந்துவிட்டேன்.

பள்ளியில் சம்பளமில்லாத விடுப்பு எழுதிக் கொடுத்தாள். வீடு அமைதியானது. அமைதி என்றால் ஓய்வு என்று நினைப்போம். அந்த வாரங்களில் எனக்கு இரண்டு மடங்கு அலுப்புத்தான். கோர்ட்டில் நாள் முழுக்கக் கேஸ் கட்டுகளைத் தூக்கிக்கொண்டு அலைந்து, வாய்தா தேதிகளைக் குறித்து, பஸ்ஸில் நின்றபடியே ராஜபாளையம் வந்து சேர்ந்தால், வீட்டில் நான் மட்டும் பேச வேண்டும். அவள் தலையசைப்பாள், கையைக் காட்டுவாள், சில சமயம் போனில் தட்டிக் காட்டுவாள். எங்கள் மகள் கோயம்புத்தூரில் படிக்கிறாள். வீடியோவில் கூப்பிட்டு, "அம்மா, நீ பேசாத, நானே பேசுதேன்" என்று ஹாஸ்டல் கதையெல்லாம் சொல்வாள். சொல்லி முடித்ததும் இரண்டு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டிருப்பார்கள். நான் எழுந்து வேறு பக்கம் போய்விடுவேன்.

மனைவி நிறையப் படித்தாள். நான் நூலகத்திலிருந்து கொண்டுவரும் நாவல்கள் எனக்கு முன்னால் அவள் கைக்குப் போய்விடும். நான் படித்தால் வரிகளுக்கு அடியில் பென்சிலால் கோடு போடுவேன், நூலகர் திட்டுவார். அவள் கோடு போட மாட்டாள். ஒரு பக்கத்தைப் படித்துவிட்டு வெகுநேரம் அடுத்த பக்கத்துக்குப் போகாமல் அப்படியே வைத்திருப்பாள்.

இதற்கிடையில் ஒரு சிக்கல் இருந்தது. குரல் போவதற்கு முன்பே, ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு வாசகர் வட்டத்துக்காரர்கள் எங்களைக் கூப்பிட்டிருந்தார்கள். எனக்குத் தெரிந்த வக்கீல் ஒருவர் அதை நடத்துகிறார். ஆண்டுக் கூட்டத்தில் எங்கள் சொந்தப் பாட்டுகளை மட்டும் பாட வேண்டும், பிறகு அந்தப் பாட்டுகள் எப்படிப் பிறக்கின்றன என்று பேச வேண்டும். சாப்பாட்டுச் சத்தம் இல்லாத ஒரு இடத்தில் எங்கள் பாட்டை உட்கார்ந்து கேட்கப்போகிறார்கள். எங்களுக்கு அது முதல் தடவை. வேண்டாம் என்று சொல்ல எனக்கு மனசு வரவில்லை.

ஞாயிற்றுக்கிழமைகளில் நாங்கள் வாசித்துப் பழகும் இடம் டிரம்மர் அண்ணனின் மாமாவுக்குச் சொந்தமான குடோன். மருத்துவமனைகளுக்குப் போகும் பேண்டேஜ் துணியைப் பேல் பேலாகக் கட்டி அங்கே அடுக்கியிருப்பார்கள். துணி சத்தத்தைக் குடித்துவிடும். எவ்வளவு ஓங்கி அடித்தாலும் தெருவுக்குப் பாதிதான் போகும். அந்த ஞாயிறு நாங்கள் மூன்று பேர் மட்டும் போனோம்.

"சர்ச்சுல பாடுற பிள்ளை ஒண்ணு இருக்கு, கேட்டுப் பாப்பமா?" என்றான் பாய்.

"ஒன் மதினி குரல் போயி வீட்ல இருக்கும்போதா?" என்றார் அண்ணன்.

பாய் கம்பிகளை முறுக்க ஆரம்பித்தான். நான், "நானே பாடுதேன்" என்றேன். இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். வேறு வழியில்லாமல் தலையாட்டினார்கள். மூன்று பாட்டுப் பாடினேன். பாய் போனில் பதிவு செய்து போட்டுக் காட்டினான். கேட்டு முடித்ததும் அண்ணன் குச்சிகளைத் துண்டில் துடைத்தார்.

"தப்பா நெனைக்காத. நீ பாடுனா வக்கீல் இன்னிக்கு வரலைன்னு வாய்தா கேக்குற மாதிரி இருக்கு" என்றார்.

எனக்குச் சிரிப்பு வந்தது. பிறகு அதுவே உண்மையாகவும் பட்டது. வீட்டுக்கு வந்து அவளிடம் சொன்னேன். அவளும் சிரித்தாள், சத்தமில்லாமல். பல வாரங்களுக்குப் பிறகு அவள் சிரித்ததை அன்றுதான் பார்த்தேன்.

அடுத்த ஞாயிறு அவளும் எங்களோடு வந்தாள். பேல்களின் மேல் சாய்ந்து உட்கார்ந்துகொண்டாள். பாய் அவளுடைய போனை வாங்கி ஒரு செயலியை ஏற்றிக் கொடுத்தான். "மதினி, இதுல தமிழ்ல அடிச்சா அதுவே பேசும். கொஞ்சம் ரயில்வே ஸ்டேஷன் அனவுன்ஸ்மெண்ட் மாதிரி இருக்கும், பரவால்லையா?" என்றான்.

அவள் எதையோ தட்டினாள். போனிலிருந்து ஒரு பெண் குரல், ஏற்ற இறக்கம் எதுவும் இல்லாமல், "நன்றி தம்பி, கடையில் வியாபாரம் எப்படி" என்றது. எல்லாரும் சிரித்தோம். கொஞ்ச நேரம் அதே விளையாட்டாகப் போனது. அண்ணனைப் பார்த்து அந்தக் குரல், "சத்தத்தைக் குறைத்து அடியுங்கள்" என்றபோது அவருக்கே கோபம் வரவில்லை.

பிறகு அவள் நீளமாக ஏதோ தட்டினாள். பொத்தானை அழுத்தினாள். அந்தக் குரல் படிக்க ஆரம்பித்தது. "நெருப்பின் கருவறையில் நான் நித்தம் பிறக்கின்றேன். குருதியின் வெள்ளத்தில் கரைகள் உடைக்கின்றேன்." என் பாட்டு. இதுவரை யாரும், அவளும்கூட, இப்படி வெறும் சொல்லாக அதைச் சொன்னதில்லை. கிதார் இல்லை, டிரம்ஸ் இல்லை, தொண்டை நரம்பு புடைக்கப் பாடும் அவளும் இல்லை. இரண்டாம் நடைமேடையில் வண்டி வருவதைச் சொல்வது போல அந்தக் குரல் நிதானமாக எரிமலையைச் சொல்லிக்கொண்டே போனது. இரண்டு சரணமும் முடிந்தது.

அண்ணன் மெதுவாகக் கேட்டார். "இம்புட்டு நாளும் இதைத்தான் வாசிச்சமா?"

அவர் கிண்டல் செய்யவில்லை. ஒரு காதில் அவருக்குக் கேட்பது குறைவு. ஆலையில் நூல் நூற்கும் ரிங் ஃபிரேம் இரைச்சலிலேயே இருந்து இருந்து வந்தது. வார்த்தைகளை அவர் இத்தனை வருஷமும் சரியாகக் கேட்டதே இல்லை என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. அடியின் இடம் தெரிந்தால் அவருக்குப் போதும்.

நான் என் மனைவியைப் பார்த்தேன். என்னைக் காயப்படுத்த அவள் அதைச் செய்யவில்லை. அவள் முகமும் வாடித்தான் இருந்தது. மறுபடி தட்டினாள். அந்தக் குரல் சொன்னது: "எனக்கும் இப்போதுதான் கேட்கிறது."

அன்று அதற்கு மேல் பழகவில்லை. வீட்டுக்கு நடந்து வரும்போது எனக்கு உடம்பெல்லாம் வலித்தது. கோர்ட் வேலையைவிட அதிக அலுப்பு. இருபது வருஷமாக எழுதியவை கிட்டத்தட்ட எல்லாமே அவள் குரலில் தொங்கிக்கொண்டிருந்தன. குரல் போனதும் கீழே விழுந்துவிட்டன. நாவல்களிலிருந்து எனக்குக் கிடைத்தது ஊக்கம் என்று நினைத்திருந்தேன். நான் எடுத்ததெல்லாம் அவற்றின் நகைகளைத்தான். ஒரு நல்ல நாவலாசிரியர் ஊழி என்ற சொல்லைப் போடுவதற்கு முன்னால் முந்நூறு பக்கம் சாதாரணமாக எழுதியிருப்பார். நான் முதல் வரியிலேயே ஊழியை வைத்தேன்.

இதையெல்லாம் அவளிடம் சொன்னபோது போனில் தட்டிக் காட்டினாள்: 'ரொம்ப யோசிக்காதீங்க. தோசை ஊத்தவா?'

பயிற்சி ஆரம்பித்தது. மதுரைக்குப் போய்வந்தோம். முண்டுகள் சுருங்கிவிட்டன, ஆபரேஷன் வேண்டாம், தினமும் கொஞ்ச நேரம் பேசலாம், மெல்ல மெல்லக் கூட்டலாம் என்றார்கள். அன்று மத்தியானம் வீட்டுக்கு வந்து சாப்பிட உட்கார்ந்தோம். ரசம் ஊற்றிக்கொண்டவள் ஒரு வாய் சாப்பிட்டாள். என்னைப் பார்த்து, "உப்பு" என்றாள்.

கீழ்க்குரல். கரகரப்பாக, சாக்கில் தேய்த்த மாதிரி. அது அவளுடைய குரலே இல்லை. நான் உப்பு ஜாடியை எடுத்து நீட்டினேன். அவள் ஜாடியை வாங்காமல் எதையோ யோசித்தாள். மறுபடி, "உப்பு" என்றாள். பிறகு, "பருப்பு." பிறகு, "அப்பா." முகத்தைச் சுளித்தாள். "அடுப்பு" என்றாள்.

"என்ன?"

"வலிக்கல" என்றாள். "அப்பான்னா இழுக்கணும். உப்புன்னா தானா நின்னுக்கிடுது."

போனை எடுத்து மீதியைத் தட்டினாள். தமிழ் ஆசிரியைக்கு அது புதுசில்லை. குற்றியலுகரம். வல்லின எழுத்தில் ஏறி வரும் கடைசி உகரம், இதழ் குவியாமல், தன் அளவில் பாதியாகக் குறுகிப்போகும். காற்று, மூச்சு, பஞ்சு, கயிறு. வருஷா வருஷம் கரும்பலகையில் எழுதிப் போட்டு, பிள்ளைகளை மனப்பாடம் செய்ய வைத்த விதி. அந்த அரை மாத்திரையைத் தன் தொண்டையில் உணர்ந்தது அன்றைக்குத்தான் என்று தட்டிக் காட்டினாள். இவ்வளவு காலம் என் பாட்டுகளில் வரிகள் 'ஆ'விலும் 'ஏ'யிலும் முடிந்தன. நெடிலைப் பிடித்துக்கொண்டு மேலே போவதற்காகவே அப்படி எழுதினேன். இப்போது இருக்கிற குரலுக்கு அது ஆகாது. முடிந்தவுடன் நின்றுவிடுகிற சொல் வேண்டும்.

அடுத்த வாரங்களில் நான் சொற்களைக் கொண்டுவருவதும் அவள் கழிப்பதுமாகப் போனது. பஸ்ஸில் போகும்போது நாவலை மூடிவைத்துவிட்டு சொற்களாக யோசிப்பேன். ஒருநாள் சந்தோஷமாக வந்து, "கதவு" என்றேன்.

"அது முற்றியலுகரம். வகரம் வல்லினம் இல்ல" என்றாள்.

"பாட்டுக்கு இலக்கணம் பாக்கணுமா?"

"இலக்கணத்துக்காகச் சொல்லல. சொல்லிப் பாருங்க. கதவுன்னா வாயி திறந்தே கெடக்கு. மூட மாட்டேங்குது."

சொல்லிப் பார்த்தேன். அவள் சொன்னது சரி. ஆனால் எனக்குக் கதவு வேண்டும் போல இருந்தது. இரண்டு நாள் அதற்காகவே பேசாமல் இருந்தேன். அவளுக்கு டாக்டர் பேசச் சொன்னதே கொஞ்ச நேரம், அதில் என்னைச் சமாதானப்படுத்த அவள் வீணாக்கவில்லை. நானாகவே விட்டேன்.

கடைசியில் வந்தது இவ்வளவுதான்:

மில்லுக்குள்ள காத்து
காத்துக்குள்ள பஞ்சு
பஞ்சுக்குள்ள மூச்சு
மூச்சுக்குள்ள பேச்சு
பேச்சு
போச்சு

முதல் நாலு வரி டிரம்மர் அண்ணன் ஷிப்ட் முடிந்து வந்த ஒரு நாளில் கிடைத்தது. தலைமுடியிலும் புருவத்திலும் பஞ்சு ஒட்டியிருந்தது. தண்ணீர் குடித்துவிட்டு, "உள்ள நாங்க பேசிக்கிடவே மாட்டோம், சைகைதான்" என்றார். என் மனைவி அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவளும் இத்தனை வாரம் சைகையில் இருந்தவள். கடைசி இரண்டு சொல் அவளுடையவை. 'போச்சு' என்றதும் எல்லாரும் வாசிப்பதை நிறுத்த வேண்டும் என்றாள். எவ்வளவு நேரம் என்று பாய் கேட்டான். "மூச்சு எடுத்துக்கிடுற வரைக்கும்" என்றாள்.

அண்ணனுக்கு இந்தப் பாட்டு உடனே பிடித்துவிட்டது. "இதுல ஒவ்வொரு வார்த்தையும் ஸ்நேர் டிரம்முல விழுது" என்றார். காத்து, பஞ்சு, மூச்சு. குச்சியால் பேலின் மேலேயே தட்டிக் காட்டினார். துணிக்குள் அடி அமுங்கி அமுங்கிக் கேட்டது. எனக்கு என்ன வாசிப்பதென்றே தெரியவில்லை. பழக்கத்தில் கை பெரிய கார்டுகளைத் தேடிப் போனது. ஒவ்வொன்றும் அவள் குரலை மூடியது. ஒவ்வொன்றாக எடுத்துவிட்டு, கடைசியில் ஒரே ஒரு கம்பியில் ஒரே சுரத்தைத் திரும்பத் திரும்ப வாசித்தேன். எனக்கு அது அவமானமாக இருந்தது. இத்தனை வருஷம் விரல் தேயப் பழகியது இதற்குத்தானா என்று இருந்தது. பாய் மட்டும், "மச்சான், அதை மாத்தாத" என்றான்.

இன்னும் இரண்டு பாட்டு அதே மாதிரி செய்தோம். பழைய பாட்டு ஒன்றின் சுருதியை நன்றாகக் கீழே இறக்கி வைத்துக்கொண்டோம். வாசகர் வட்டத்துக்கு அதற்கு மேல் எங்களிடம் எதுவும் இல்லை.

கூட்டம் ஒரு ஞாயிறு மத்தியானம். கோயில் தெருவுக்குப் பின்னால் ஒரு சின்ன மாடிக் கூடம். பிளாஸ்டிக் நாற்காலிகளில் பாதிக்கு மேல் காலி. வந்தவர்களுக்கு ஆளுக்கொரு வாழையிலைத் துண்டில் பால்கோவா வைத்துக் கொடுத்தார்கள். எல்லாரும் சாப்பிட்டுக் கை துடைக்கும் வரை காத்திருந்தோம். பிறகு வாசித்தோம்.

'போச்சு' என்று அவள் சொன்னதும் நாங்கள் நிறுத்தினோம். கூடத்தில் ஒரு சத்தமும் இல்லை. ஃபேன் மட்டும் சுற்றியது. அவள் மூச்சு எடுப்பது மைக்கில் கேட்டது. யாராவது பாட்டு முடிந்துவிட்டது என்று கைதட்டிவிடுவார்களோ என்று பயந்தேன். யாரும் தட்டவில்லை. மறுபடி ஆரம்பித்தோம்.

இரண்டாவது பாட்டும் போனது. மூன்றாவதின் பாதியில் அவள் குரல் நின்றுவிட்டது. ஒன்றும் ஆகாதது போல மைக்கை அணைத்துக் கீழே வைத்துவிட்டு, நாற்காலி ஒன்றை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். நாங்கள் மூன்று பேரும் அதை வாசித்து முடித்தோம். பழைய பாட்டைத் தொடவே இல்லை.

கேள்வி நேரத்தில் ஒருவர், "சினிமாப் பாட்டு ஒண்ணு பாடுவீங்களா?" என்றார். வக்கீல் அவரை உட்காரச் சொன்னார். ஓய்வு பெற்ற தமிழ் ஆசிரியர் ஒருவர் எழுந்து, "போச்சு என்பது கொச்சை. போயிற்று என்பதல்லவா சரி?" என்று கேட்டார்.

என் மனைவி மைக்கை எடுத்தாள். "ஆமா சார். போயிற்றும் குற்றியலுகரந்தான். எனக்கு அம்புட்டுத் தூரத்துக்கு மூச்சு வராது."

அவர் கொஞ்சம் யோசித்துவிட்டு, "அப்ப சரி" என்று உட்கார்ந்தார்.

உங்களுக்கு ஊக்கம் எங்கிருந்து கிடைக்கிறது என்று ஒரு பெண் கேட்டார். இந்தக் கேள்விக்கு நான் பல வருஷமாகப் பதில் தயார் செய்து வைத்திருந்தேன், யாரும் கேட்டதில்லை. நாவல்கள், வாசிப்பு, தனிமை என்று ஆரம்பித்தேன். சொல்லச் சொல்ல எனக்கே களைப்பாக இருந்தது. பாதியில் நிறுத்திவிட்டு, "தெரியலைங்க. நான் கொண்டுவாரதை இவ வெட்டுவா. வெட்டுப்படாம மிஞ்சுறதை வாசிக்கோம்" என்றேன். அவர்கள் அதை அடக்கம் என்று நினைத்துச் சிரித்தார்கள்.

அன்று சாயங்காலம் ராஜபாளையத்துக்குத் திரும்பும் பஸ்ஸில் அவள் என் தோளில் சாய்ந்து தூங்கிவிட்டாள். கிதார் உறையை முழங்காலுக்கு நடுவில் வைத்துக்கொண்டு நான் அசையாமல் உட்கார்ந்திருந்தேன்.

பிறகு பெரிதாக எதுவும் நடக்கவில்லை. பாய் அந்த மூன்று பாட்டையும் குடோனில் பதிவு செய்து இணையத்தில் ஏற்றினான். கேட்டவர்கள் கொஞ்சம் பேர். அண்ணன் ஆலை கேண்டீனில் போட்டுக் காட்டினாராம். "நல்லாத்தான் இருக்கு, சாப்பிடும்போது கேக்க முடியலன்னு சொல்லுதானுக" என்றார். என் மனைவி பள்ளிக்குத் திரும்பிவிட்டாள். இடுப்பில் மாட்டும் சின்ன ஸ்பீக்கரும் காலர் மைக்கும் வைத்துத்தான் பாடம் நடத்துகிறாள். பிள்ளைகள் அதற்குக் கேலிப் பெயர் வைத்திருக்கிறார்கள். வரவேற்புகளுக்குப் போவதை நாங்கள் நிறுத்திவிட்டோம். மேல் ஸ்தாயி இல்லாமல் சினிமாப் பாட்டு ஆகாது. அண்ணன் மட்டும் சேத்தூர்க்காரர்களின் குழு ஒன்றில் சேர்ந்து முகூர்த்த நாட்களில் வாசிக்கப் போகிறார். அவருக்கு அது வேண்டியிருக்கிறது, நாங்கள் ஒன்றும் சொல்வதில்லை.

ஞாயிறுகளில் இன்னும் கூடுகிறோம். முன்பெல்லாம் ஒரு மத்தியானத்தில் ஒரு பாட்டு எழுதிவிடுவேன். இப்போது ஒரு வரிக்கு ஒரு மாதம் ஆகிறது. எழுதுவது எளிதாகிவிடும் என்று நினைத்திருந்தேன், ஆகவில்லை. கோர்ட்டில் தோளும் பஸ்ஸில் காலும் வலித்து வந்த பிறகு, அந்த ஒரு வரியின் முன்னால் உட்கார வேண்டும். பல நாள் உட்காருவதில்லை. உட்காராததற்காக என்னைத் திட்டிக்கொள்வதையும் விட்டுவிட்டேன்.

போன ஞாயிறு நடுவில் கரண்டு போனது. வெளியே மழை. கிதாருக்கு ஆம்ப்ளிஃபயர் இல்லாமல் நாலு பேரும் பேல்களின் மேல் உட்கார்ந்து டீ குடித்தோம். என் மனைவி புதுப் பாட்டின் முதல் வரியை முணுமுணுத்துப் பார்த்தாள். பாய் தொடையில் தாளம் போட்டான். அவளே நடுவில் நிறுத்தி, "இது சரியா வரல, இல்லையா?" என்றாள்.

"வரல" என்றேன்.

"எனக்கும் அப்படித்தான் தோணுது" என்றாள். "இன்னிக்கு விட்டுருவோம்."

கரண்டு வரும் என்று செத்த நேரம் பார்த்தோம். வரவில்லை. அண்ணனுக்கு ஷிப்டுக்கு நேரமாகிவிட்டது. மழை கொஞ்சம் விட்டதும், வீட்டுக்கு எடுத்துப்போக ஆம்ப்ளிஃபயரை இரண்டு பக்கமும் பிடித்து, குடோன் படியில் வழுக்காமல் மெதுவாக இறக்கினோம்.